வாளையூரில் விதித்த 32 காசு

நடுநாட்டு வரலாறு: வணிகமும் ஊர்வாழ்வும்

கல்வராயன் மலை கிழக்கே சரிந்து சமவெளியில் முடியும் இடத்திலிருந்து கடலூர்க் கடற்கரை வரை விரிந்து கிடக்கும் நிலம், வடக்கே தொண்டை நாட்டுக்கும் தெற்கே சோழ நாட்டுக்கும் இடையில் அமைந்ததால் நடுநாடு எனப் பெயர் பெற்றது. இன்றைய கள்ளக்குறிச்சி மாவட்டத்தின் பெரும்பகுதி இந்த நடுநாட்டின் மேற்குப் பாதியாகும். முந்தைய பகுதிகளில் மலையமான்களின் அரசியலும் அவர்கள் சோழர் குடும்பத்துடன் கொண்ட மணவுறவும் விரிவாகப் பேசப்பட்டன; முதலாம் இராசராசனின் தாய் வானவன் மாதேவி இந்த மலையமான் குடியில் பிறந்தவள் என்பதும் அங்கே குறிக்கப்பட்டது. அரண்மனையை விட்டு அங்காடிக்கு, அதாவது கடைவீதிக்கு, இறங்கி வந்து, 10 முதல் 15ஆம் நூற்றாண்டு வரை இந்நிலத்து ஊர்களில் சரக்கு எவ்வாறு வந்தது, பணம் எவ்வாறு புழங்கியது, வழக்கு எழுந்தபோது யார் கூடித் தீர்த்தார்கள் என்பதை இப்பகுதி ஆராய்கிறது.

நிலத்தின் அமைப்பே வணிகத்தின் போக்கைத் தீர்மானித்தது. கல்வராயன் மலையின் வடபகுதியான சின்னக் கல்வராயன் சராசரியாக 2,700 அடியும், தென்பகுதியான பெரிய கல்வராயன் சராசரியாக 4,000 அடியும் உயர்ந்து நிற்பதால், மேற்கே உள்ள தகடூர் (இன்றைய தருமபுரி), கொங்குப் பகுதிகளிலிருந்து கீழைக் கடற்கரைக்கு வருவோர் மலையை நேராகக் கடவாமல் இரண்டு வாயில்களில் ஒன்றைத் தேர்ந்துகொண்டனர். வடக்கு வாயில் செங்கம் கணவாய். அதன் வழியே இறங்கியவர்கள் பெண்ணையாற்றின் போக்கைப் பற்றித் திருக்கோவலூரை அடைந்தார்கள். தெற்கு வாயில் ஆத்தூர்க் கணவாய். அதன் வழியே வந்தவர்கள் வசிட்ட நதிக்கரையிலுள்ள ஆறகளூரைத் தொட்டு, சின்னசேலம் பக்கமாக வெள்ளாற்றுச் சமவெளிக்குச் சென்றார்கள். மலையில் பிறக்கும் கோமுகி, மணிமுத்தாறு ஆகியவற்றின் நீரும் இறுதியில் வெள்ளாற்றோடு சேர்ந்து பரங்கிப்பேட்டையருகே கடலில் கலப்பதால், தெற்கு வழி ஆற்றின் போக்கையே பின்பற்றியது எனலாம். ஆயினும் இவை ஆண்டில் சில மாதங்கள் மட்டுமே பெருகி ஓடி, மற்ற நாட்களில் மணலாகக் கிடப்பவை. படகுப் போக்குவரத்துக்கு இடமில்லை. ஆகவே பொதி சுமக்கும் மாடும் பாரவண்டியும் தலைச்சுமையுமே சரக்கை நகர்த்தின.

இவ்வழிகள் வெறும் ஒற்றையடித் தடங்களாக இருக்கவில்லை. பெருவழி என்பது அரசனோ தலைவனோ பெயரிட்டுப் பேணிய நெடுஞ்சாலை. காதம் என்பது வழியின் தொலைவைக் குறித்த அளவு. தருமபுரிப் பகுதியில் கிடைத்த அதியமான் பெருவழிக் கல்லொன்று நாவற்றாவளம் என்னும் ஊர் 29 காதத் தொலைவில் உள்ளது என்று எழுத்தாலும் எண்ணாலும் அறிவிப்பதோடு நின்றுவிடாமல், கீழே இரண்டு பெரிய குழிகளையும் ஒன்பது சிறிய குழிகளையும் செதுக்கிக் காட்டுகிறது. எழுதப் படிக்கத் தெரியாத பொதிமாட்டுக்காரன் விரலால் தடவியே தொலைவை அறியலாம், இருளிலும் அறியலாம். ஆறகளூரைத் தலைநகராகக் கொண்டு மகதை நாட்டை ஆண்ட வாணகோவரையர்களும் தங்கள் நாட்டை மகதேசன் பெருவழி என்ற சாலையால் காஞ்சிபுரத்தோடு இணைத்திருந்தனர். அம்மரபில் வந்த ஒருவன் திருவண்ணாமலைக் கோயிலுக்குப் பொன் வேய்ந்து பொன்பரப்பினான் என்ற பட்டத்தைப் பெற்றான் என்பதை நினைத்தால், மலையடிவாரத்துச் சிற்றரசனிடம் அத்தனை பொன் சேர்வதற்கு வயல் விளைச்சலோடு வழிச்சுங்கமும் துணைநின்றிருக்கும் என்று கருத இடமுண்டு.

மலையிலிருந்து இறங்கிய சரக்குகள் தேன், மெழுகு, கடுக்காய், புளி, சந்தனம், மூங்கில், சாமை, தினை முதலியன. சமவெளியிலிருந்து மலைக்கு ஏறியவற்றுள் முதன்மையானது உப்பு. கல்வராயனில் இன்று வாழும் மலையாளி மக்கள் தங்கள் முன்னோர் காஞ்சிபுரத்திலிருந்து வந்து குடியேறியதாகக் கூறும் மரபுடையவர்கள். எனவே சோழர் காலத்தில் தேனும் மெழுகும் கொண்டுவந்து விற்றவர்கள் இவர்களுடைய நேர்முன்னோர்தாம் என்று உறுதியாகக் கொள்வதற்கில்லை. குடிகள் மாறியிருக்கலாம், மலை தந்த பொருள்கள் மாறவில்லை. சிவகங்கைப் பகுதியிலுள்ள பிரான்மலையின் 13ஆம் நூற்றாண்டுக் கல்வெட்டு, வணிகர்கள் தாம் விற்ற ஒவ்வொரு சரக்கின் மீதும் கோயிலுக்குத் தர ஒப்புக்கொண்ட சிறுபங்கைப் பட்டியலிடுகிறது. பட்டணப்பகுதி என்று பெயர்பெற்ற அப்பங்கீட்டில் உப்பு, நெல், பருப்பு, மிளகு, பாக்கு, இரும்பு, பஞ்சு, நூல், புடவை, மெழுகு, தேன், சந்தனம், அகில் எனப் பலவும் வரிசையாக வருகின்றன. அரண்மனைக்குரிய அகிலும் அடுப்பங்கரைக்குரிய பருப்பும் ஒரே பட்டியலில் நிற்பது, தொலைவணிகர் ஆடம்பரப் பொருளை மட்டுமே விற்றவர்கள் என்ற பொதுக்கருத்தைத் திருத்திக்கொள்ளப் போதுமானது.

இச்சரக்குகள் வந்து குவிந்த இடம் நகரம். சோழர் காலத்தில் ஊர், சபை, நகரம் என மூவகை உள்ளூர் அவைகள் இருந்தன: வேளாளர் நிலமுடைய குடியிருப்பை ஆண்டது ஊர், பிரமதேயம் என்னும் பிராமணக் குடியிருப்பை ஆண்டது சபை, வணிகரும் கைவினைஞரும் வாழ்ந்த குடியிருப்பையும் அதன் அவையையும் ஒருங்கே குறித்தது நகரம், அதன் உறுப்பினர் நகரத்தார். மிலாடு, அதாவது மலையமான் நாடு, என்பதன் தலைமையூரான திருக்கோவலூர் ஒரு பிரமதேயம். மதுராந்தகச் சதுர்வேதிமங்கலம் என்ற மறுபெயரும் அதற்கு உண்டு. ஆனால் நகரம் என்ற தகுதியைப் பெற ஓர் ஊர் இத்தகைய தலைமையூராக இருக்க வேண்டியதில்லை. திருக்கோவலூருக்கு மேற்கே, பெண்ணையாற்றை ஒட்டி, இன்று சம்பை அல்லது ஜம்பை என்று வழங்கும் சிற்றூரே அக்காலத்தின் வாளையூர் நகரம். இராசராசனின் பட்டப்பெயரால் நித்தவினோதபுரம் என்றும் அது அழைக்கப்பட்டது.

சம்பையின் பழமை சோழரோடு தொடங்கவில்லை. ஊரையொட்டிய குன்றின் பாறையில் அதியமான் நெடுமான் அஞ்சி அளித்த பாழியை, அதாவது துறவியர் தங்கும் குகையை, குறிப்பிடும் தமிழ்ப் பிராமிக் கல்வெட்டு 1981இல் கண்டறியப்பட்டு, அசோகனின் கல்வெட்டுகளில் வரும் சத்தியபுத்திரர் யார் என்று நெடுங்காலம் நடந்த விவாதத்துக்கு முடிவு கட்டியது. தகடூர்த் தலைவனான அஞ்சி பெண்ணைக்கரையில் கொடை செய்திருப்பது, செங்கம் வழி சங்ககாலத்திலேயே நடமாட்டம் மிகுந்ததாக இருந்ததற்குத் தக்க சான்று. துறவியர் குகைகள் வணிகப் பாதைகளை ஒட்டியே அமைந்திருப்பதைத் தமிழகத்தின் பிற இடங்களிலும் காணலாம். 10ஆம் நூற்றாண்டின் நடுவில் சோழர் தோற்ற தக்கோலப் போருக்குப் பின் இராட்டிரகூட மன்னன் மூன்றாம் கிருட்டிணனின் ஆட்சி இப்பகுதியில் பரவியபோதும், பின்னர் சோழர் மீண்டபோதும், அரசரின் பெயர் கல்வெட்டுகளின் தலைப்பில் மாறியதே தவிர ஊரின் நகரத் தன்மை குலையவில்லை.

வாளையூரின் தான்தோன்றீசுவரர் கோயிலில் 11ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த கல்வெட்டொன்று உள்ளது. அலுவலன் ஒருவன் ஒரு பெண்ணிடம் வரி கேட்டான். தான் அவ்வரிக்குக் கடமைப்பட்டவள் அல்லள் என்று அவள் மறுத்தாள். அவன் அவளைக் கடுஞ்சோதனைக்கு உட்படுத்தவே, அவள் நஞ்சுண்டு இறந்தாள். நான்கு திசையிலிருந்தும் பதினெண் விஷயங்களிலிருந்தும் பல நாடுகளிலிருந்தும் வந்தவர்கள் கூடி, அவ்வலுவலனே குற்றவாளி என்று தீர்த்து, கோயிலில் விளக்கெரிக்க 32 காசு கொடுக்குமாறு விதித்தனர். விஷயம் என்பது நாட்டுப்பிரிவு. நான்கு திசை, பதினெண் விஷயம், பல நாடு என்ற இத்தொடர்கள் எந்த ஊரவையின் பெயரும் அல்ல. ஐந்நூற்றுவர், நானாதேசியர் என்று அறியப்பட்ட தொலைவணிகர் குழுக்கள் தங்கள் பேரவையைக் குறிக்க வழக்கமாகப் பயன்படுத்திய அடைமொழிகள் இவை. வரித்தண்டும் அலுவலன் ஒருவனின் செயலை விசாரித்துத் தண்டம் விதித்த அவை, மன்னனின் மன்றமாக இல்லாமல், ஊர்விட்டு ஊர்செல்லும் வணிகர்களின் கூட்டமாகவே இருந்தது என்பதே இக்கல்வெட்டின் உண்மையான செய்தி. வணிகர் இரக்கத்தால் மட்டும் கூடினார்கள் என்று எண்ண வேண்டியதில்லை. கடமையில்லாத வரியை வலிந்து கேட்கும் அலுவலன் இன்று ஒரு பெண்ணிடம் கேட்டதை நாளை அங்காடியில் கேட்பான் என்பதை அவர்களைவிட நன்றாக அறிந்தவர்கள் வேறு யாருமில்லை.

ஓர் உயிருக்கு 32 காசு என்பது இன்றைய வாசகருக்கு அற்பமாகத் தோன்றலாம். அத்தொகை எப்படி வந்தது என்பதைக் கணக்கிட்டால் வேறொரு படம் கிடைக்கிறது. கோயிலில் இரவும் பகலும் அணையாமல் எரியும் விளக்கு நந்தாவிளக்கு. அதற்கு நாள்தோறும் ஓர் உழக்கு நெய் வேண்டும். இரண்டு ஆழாக்கு ஓர் உழக்கு, இரண்டு உழக்கு ஓர் உரி, இரண்டு உரி ஒரு நாழி, எட்டு நாழி ஒரு குறுணி, பன்னிரண்டு குறுணி ஒரு கலம் என்பது அக்கால முகத்தலளவை வாய்பாடு. நாளுக்கு உழக்கு என்றால் ஆண்டுக்கு ஏறத்தாழ 91 நாழி. இந்நெய்யை நிரந்தரமாகப் பெறுவதற்குக் கோயில்கள் 96 பெண்ணாடுகளை முதலாக ஏற்றுக்கொண்டன. ஓர் ஆட்டுக்கு ஆண்டில் ஒரு நாழிக்குச் சற்றுக் குறைவான நெய் என்பது கணக்கு. இடையனுக்கு அது கடுமையான கட்டாயம் அல்ல. தஞ்சைப் பெரிய கோயிலின் இராசராசன் காலக் கல்வெட்டுகளில் ஒரு காசுக்கு மூன்று ஆடு என்ற விலை வழங்குகிறது. அவ்விலைப்படி 96 ஆட்டுக்கு 32 காசு. வாளையூரில் விதிக்கப்பட்ட தண்டம் கூடியிருந்தவர்கள் மனம்போனபடி சொன்ன தொகை அன்று. ஒரு நந்தாவிளக்கின் விலை அது என்று கொள்ளவே தோன்றுகிறது. அக்காலக் கல்வெட்டுகளில் வேட்டையில் குறிதவறி மனிதனைக் கொன்றவனுக்கும், கைகலப்பில் எதிர்பாராமல் உயிர்போக்கியவனுக்கும் மரண தண்டனைக்கு மாறாக விளக்கெரிக்கும் கடமை விதிக்கப்பட்டதைக் காணலாம். இறந்தவருக்காக ஓர் ஒளி நிலைத்து எரிய வேண்டும், அதன் செலவைக் கொன்றவன் ஏற்க வேண்டும் என்பதே அத்தீர்ப்புகளின் பொதுநெறி.

இந்த ஆடுகள் கல்வெட்டில் சாவா மூவாப் பேராடு எனப்படும். ஆடு சாகாது, மூப்படையாது என்பது அதன் பொருளல்ல. மந்தையின் எண்ணிக்கை குறையக்கூடாது, இறந்ததற்கும் கிழடானதற்கும் ஈடாகக் குட்டிகளை விட்டு இடையன் 96 என்ற கணக்கை நிலைநிறுத்த வேண்டும் என்பது பொருள். எண்ணிக்கைக்கு மேல் பெருகிய குட்டிகளும் மோரும் எருவும் அவனுக்கே உரியவை. காசைக் கோயிலில் கொடுத்தவர் புண்ணியம் பெற்றார், கோயில் நெய்யைப் பெற்றது, மன்றாடி எனப்பட்ட இடையர் தலைவன் முதல் போடாமலே ஒரு மந்தையைப் பெற்றான். 10ஆம் நூற்றாண்டில் திருநாவலூரில் தங்கியிருந்த சோழ இளவரசன் இராசாதித்தனின் மலையாள (கேரள) படைவீரர்கள் அவ்வூர்க் கோயிலுக்கு ஆடுகளைக் கொடுத்து விளக்கு வைத்ததும் இம்முறையில்தான். சொந்த ஊரை விட்டுத் தொலைவில் வாழ்ந்த படைவீரனின் சம்பளம் இவ்வாறு நடுநாட்டு இடையர் சேரிக்குள் இறங்கியது. கல்வராயன் அடிவாரம் போன்ற மேய்ச்சல் நிலம் மிகுந்த பகுதியில் இத்தகைய முதலீடு நெல்வயலை வாங்கிவிடுவதைவிட எளிதாக இருந்திருக்கும்.

காசாகவே கொடுத்தால் கோயில் அதை ஊரவைகளுக்கு வட்டிக்கு விட்டது. தஞ்சைக் கோயில் கடன்களில் காசு ஒன்றுக்கு ஆண்டுக்கு அரைக்கால் காசு, அதாவது நூற்றுக்குப் பன்னிரண்டரை, என்பது பரவலாகக் காணப்படும் வட்டி. பொன்னைக் கழஞ்சால் நிறுத்தார்கள்: இரண்டு குன்றிமணி ஒரு மஞ்சாடி, இருபது மஞ்சாடி ஒரு கழஞ்சு. நிறுப்பதிலும் அளப்பதிலும் சச்சரவு எழாதபடி எந்த மரக்காலால் அளக்க வேண்டும், எந்தக் கல்லால் நிறுக்க வேண்டும் என்று பெயர் சொல்லியே ஒப்பந்தங்கள் எழுதப்பட்டன.

நகரத்துத் தெருவில் நடந்து பார்த்தால் தொழில்தோறும் ஒரு வரி எதிர்ப்படும். செக்காட்டி எண்ணெய் எடுத்து விற்ற சங்கரப்பாடியாருக்குச் செக்கிறை, நெசவாளருக்குத் தறியிறை, குயவருக்குக் குசக்காணம், பொற்கொல்லருக்குத் தட்டார்பாட்டம், கடைக்காரருக்கு அங்காடிப்பாட்டம், வாங்கல் விற்றலுக்கு இடைநின்றவருக்குத் தரகு. ஊர் எல்லையைக் கடக்கும் சரக்குக்கு உல்கு என்னும் சுங்கம். முதலாம் குலோத்துங்கன் (1070–1120) சுங்கம் தவிர்த்த சோழன் என்று புகழப்பட்டான். வழிநெடுகச் சுங்கம் கொடுத்து அலுத்துப்போன மக்கள் இல்லாவிட்டால் அப்பட்டம் பிறந்திருக்காது. இவ்வரிகளை வைத்து நகரத்தின் கைவினைஞர் செல்வந்தராக வாழ்ந்தனர் என்றோ, வறியவராக வாடினர் என்றோ ஒரே சொல்லில் முடிக்க இயலாது. அவர்களுக்குப் பணத்தைவிடப் பெரிய தடை தகுதியாக இருந்தது. கொங்கு நாட்டுக் கம்மாளர்கள், அதாவது தச்சர், கொல்லர், தட்டார் முதலிய ஐந்தொழிலாளர்கள், திருமணத்திலும் இறப்பிலும் இரட்டைச் சங்கு ஊதவும், காலில் செருப்பணியவும், வீட்டுச் சுவருக்குச் சாந்து பூசவும் அரசாணை பெற்றுத்தான் செய்ய முடிந்தது. மண்சுவரும் கூரையும் கொண்ட வீட்டிலிருந்து சாந்து பூசிய வீட்டுக்கு மாறுவதைக்கூடக் கல்லில் வெட்டி உறுதிசெய்ய வேண்டியிருந்தது.

வணிகர் குழுக்கள் எவ்வளவு தொலைவு சென்றன என்பதை இங்கே ஒரு சொல்லால் குறிப்பிட்டுச் செல்வது பொருந்தும். வாளையூரில் தீர்ப்பு வழங்கிய அவை எந்தக் குழுமரபைச் சேர்ந்ததோ, அதே ஐந்நூற்றுவர் 1088இல் சுமத்திரா தீவின் பாருசில் தமிழில் கல்வெட்டுப் பொறித்திருக்கிறார்கள். 1281இல் சீனத்தின் சுவான்சௌ துறைமுகத்திலும் தமிழ்க் கல்வெட்டொன்று எழுந்தது. மலையடிவாரத்துப் புளிக்கும் மெழுகுக்கும் சுமத்திராவின் கர்ப்பூரத்துக்கும் இடையே எத்தனையோ கைகள் இருந்தன. ஆனால் அக்கைகளைக் கட்டிய ஒழுங்குமுறை ஒன்றே. இக்குழுக்களுக்கெனத் தனி வீரர்கள் உண்டு. எறிவீரர் எனப்பட்ட அவர்கள் காத்த வணிகத் தலங்கள் எறிவீரபட்டணம் என்ற பெயரைப் பெற்றன. கள்வரும் வழிப்பறியும் மிகுந்த கணவாய்ப் பாதைகளில் வாளேந்திய காவல் இல்லாமல் பொதி நகராது. செங்கம் வட்டாரத்தில் நிரை கவர்தலிலும் மீட்டலிலும் இறந்தவர்களுக்கு எடுத்த நடுகற்கள் ஏராளமாக நிற்பதே பாதையின் இயல்பைச் சொல்லும்.

13ஆம் நூற்றாண்டில் சோழர் வலி குன்றியபோது இந்நிலத்தின் வணிகம் பெரிய சோதனைக்கு உள்ளானது. காடவர் தலைவன் கோப்பெருஞ்சிங்கன் 1231 அளவில் சோழ மன்னன் மூன்றாம் இராசராசனைப் பிடித்து, உளுந்தூர்ப்பேட்டைக்கு அருகிலுள்ள தன் தலைநகரான சேந்தமங்கலத்தில் சிறைவைத்தான். போசள மன்னன் இரண்டாம் நரசிம்மன் படையனுப்பி மீட்டான். மீட்க வந்த படை காடவனின் ஊர்களைக் கொளுத்தியும் பயிரை அழித்தும் சென்றதாகத் திருவயிந்திரபுரக் கல்வெட்டு கூறுவதால், போர் கோட்டையோடு நிற்காமல் களத்துமேட்டுக்கும் கடைவீதிக்கும் வந்துவிட்டது புலனாகும். சேந்தமங்கலத்தில் இன்றும் நிற்கும் கற்குதிரை இக்காலத் தலைவர்களுக்குக் குதிரை எத்துணை மதிப்புடையது என்பதற்குச் சான்று. மலைமண்டலமாகிய கேரளத்திலிருந்து வந்த குதிரைச் செட்டிகளைச் சோழர் காலக் கல்வெட்டுகள் குறிப்பிடுகின்றன.

மன்னனின் பாதுகாப்பு தளர்ந்தபோது தொழில்செய்வோரும் உழுவோரும் தமக்குள் அணிசேர்ந்தார்கள். வலங்கை, இடங்கை என்ற இருபெரும் பிரிவுகள் முன்பே தோன்றியிருந்தன. ஒவ்வொன்றும் 98 குலங்களைக் கொண்டது என்பது வழக்கு. கள்ளக்குறிச்சி வட்டத்தில் கோமுகிக் கரையிலுள்ள வரஞ்சரத்தின் 13ஆம் நூற்றாண்டு முற்பகுதிக் கல்வெட்டு, உழுகுடியினரான நத்தமக்களும் மலையமான்மக்களும் இடங்கை 98ஓடு ஒன்றிணைந்ததைப் பதிவுசெய்கிறது. மலையமான்மக்கள் எனப்படுவோர் ஒருகாலத்தில் மலையமான் தலைவரின் படைக்குடிகளாயிருந்து, உழவில் நிலைத்த மலைச்சார்பு மக்கள் எனலாம். கைவினைஞரும் வணிகருமாக அறியப்பட்ட இடங்கையோடு அவர்கள் சேர்ந்ததால், மலையடிவாரமும் அங்காடியும் முதன்முறையாக ஒரே அணிப்பெயருக்குள் வந்தன.

இந்த அணிசேர்க்கை இரு நூற்றாண்டுகள் கழித்துப் பலன் தந்தது. அப்போது இந்நிலத்தை ஆண்ட விசயநகர அரசின் அலுவலர்களும் அவர்களோடு சேர்ந்துகொண்ட பிராமண, வேளாள நிலவுடைமையாளர்களும் முறையற்ற வரி தண்டியபோது, 1429இல் நடுநாட்டிலும் அதன் தென்னெல்லையிலும் வலங்கை 98, இடங்கை 98 ஆகிய இருபிரிவினரும் தம் பழம்பகையை ஒதுக்கிக் கூடி, விளைச்சலுக்கு ஏற்ற வரியே கொடுப்போம், அதற்கு மேல் கொடோம் என்று முடிவெடுத்துப் பல கோயில்களின் சுவர்களில் வெட்டிவைத்தார்கள். கைக்கோளர் என்னும் நெசவாளர்களின் நிலையும் அந்நூற்றாண்டில் உயர்ந்தது. அதன் பிற்பகுதியில் நடுநாட்டுக் கைக்கோளர்கள் காஞ்சிபுரத்திலும் விரிஞ்சிபுரத்திலும் உள்ள தம் இனத்தாருக்கு இருந்தபடியே தங்களுக்கும் தண்டு என்னும் பல்லக்கில் செல்லவும் சங்கு ஊதவும் உரிமை வேண்டிப் பெற்றனர். தறிக்கு வரி கட்டியவர்கள் பல்லக்கில் ஏறிய காலத்தில் நகரம் என்ற பழைய அவையின் பெயர் கல்வெட்டுகளில் அருகிப்போய், பேட்டை என்ற புதிய வகைச் சந்தையூர்கள் விசயநகரத் தலைவர்களின் ஆதரவில் எழத் தொடங்கியிருந்தன.